இடது ஓரத்தில் இரண்டு கைகள்

சென்னை-24
13-2-1972

அன்புள்ள அக்காவுக்கு,

தணிகாசலம் எழுதுவது. உடம்புக்கு ஒன்றுமில்லை. போன மாதம் வந்த கண்கட்டி நீ சொன்னபடி விளக்கெண்ணெய் வைத்ததில் அமுங்கிவிட்டது. நீயும் மாமாவும் எப்படி இருக்கிறீர்கள்?

ஸ்டூடியோ வேலையை விட்டுவிட்டேன். உடனே திட்டாதே, முழுதும் படி. நான்கு வருஷமாகக் கதாநாயகன் மூக்கின் மேல் நிழல் விழாமல் விளக்கு பிடித்துக்கொண்டிருந்தேன். பூனாவில் மூன்று வருஷம் கேமரா படித்தது அந்த மூக்குக்காகவா? போன வாரம் ஒரு குடிசை செட். ஏழைக் கிழவி செத்துக்கொண்டிருக்கிறாள், தலைக்கு மேல் பன்னிரண்டு விளக்கு. நான் ஒன்பதை அணைத்துவிட்டேன். பெரிய கேமராமேன் எல்லார் எதிரிலும், "ஏம்பா, உங்க ஊர்ல இன்னும் கரண்டு வரலியா?" என்றார். வரவில்லை என்று சொல்லிவிட்டு வெளியே வந்துவிட்டேன்.

பூவராகவனைப் பற்றி எழுதியிருக்கிறேன், பூனாவில் என்னோடு டைரக்‌ஷன் படித்தவன். அவன் ஒரு படம் எடுக்கிறான். பாட்டு கிடையாது, ஸ்டார் கிடையாது, செட் கிடையாது. கறுப்பு வெள்ளை. கேமரா முழுக்க என் பொறுப்பு. ஒரு நெசவாளியின் ஒரு நாள்தான் கதை. நம் தெருவிலேயே எடுக்கலாம் என்று நான் வாக்குக் கொடுத்துவிட்டேன். மாமாவிடம் நீதான் பேசவேண்டும். நான் பேசினால் அவர் சிரித்துவிட்டு எழுந்து போய்விடுவார்.

உன் தம்பி
தணிகாசலம்


செல்லியம்மன் துணை

பெரிய காஞ்சிபுரம்
21-2-1972

தம்பி தணிகாசலத்துக்கு அக்கா தையல்நாயகியின் ஆசீர்வாதம். இங்கே நான், உன் மாமா, தறி மூன்று பேரும் சௌக்கியம். கண்ணுக்குச் சூடு ஆகாது, வெள்ளிக்கிழமை தவறாமல் எண்ணெய் தேய்த்துக்கொள்.

அடப்பாவி, இருந்த வேலையையும் விட்டாயா! ஒன்பது விளக்கை அணைத்தானாம், வெளியே வந்தானாம். லைட்டு வாங்க வக்கில்லாமல் சூரியனை நம்பிப் படம் எடுக்கப் போகிறீர்களா நீயும் உன் சிநேகிதனும்? எதிர்வீட்டுச் செல்லியம்மாள் கேட்கிறாள், "உன் தம்பி படத்துல எப்போ பேர் வரும்?" என்று. நான் என்ன சொல்ல?

சரி, அது கிடக்கட்டும். நல்ல சேதி ஒன்று இருக்கிறது. இந்த வருஷம் ஆடிக்கு அம்மன் புடவை நம் வீட்டு முறை. இருபத்திரண்டு வீடு சுற்றி மறுபடி நம்மிடம் வந்திருக்கிறது. போன தடவை அப்பா நெய்தார், உனக்கு எட்டு வயசு. இந்த முறை உன் மாமா.

உனக்குத் தெரியாதது ஒன்று சொல்கிறேன். அவர் ஐயம்பேட்டையிலிருந்து நம் வீட்டோடு வந்து பதினாறு வருஷம் ஆகிறது. அப்பாவும் அம்மாவும் போனபிறகு உன்னையும் என்னையும் அவர்தான் காப்பாற்றினார். இன்றைக்கும் தெருவில் அவருக்குப் பேர் 'ஐயம்பேட்டைக்காரர்'தான். அம்மனுக்குப் புடவை நெய்தவனைப் பூசாரி பேர் சொல்லிக் கூப்பிடுவார், அவனே தலையில் வைத்துக்கொண்டு போய்ச் சாத்தவேண்டும். "அன்னிக்காவது கைலாசம்னு கூப்புடுவாங்க இல்ல?" என்று சிரித்துக்கொண்டே கேட்டார். சிரித்துக்கொண்டுதான் கேட்டார், நான் எழுந்து அடுப்பைப் பார்க்கப் போய்விட்டேன்.

படம் எடுக்க வா. சோற்றுக்கு எத்தனை பேர் என்று முன்னாலேயே எழுது.

அக்கா
தையல்நாயகி


சென்னை-24
2-3-1972

அன்புள்ள அக்காவுக்கு,

கண் சரியாகிவிட்டது. வெள்ளிக்கிழமை எண்ணெய்க் குளியலும் நடந்தது. மொத்தம் ஏழு பேர் வருவோம். சோறும் ரசமும் போதும்.

அம்மன் முறை வந்தது கேட்டு எனக்குக் கை கால் ஓடவில்லை. அக்கா, அப்பா அம்மன் புடவைக்கான பாவு நூலைத் தெருவில் நீட்டிய காலை எனக்கு நன்றாக ஞாபகம் இருக்கிறது. கஞ்சி போட்ட ஈரப் பாவு, புடவையின் நீள இழை மொத்தமும், தெருவின் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிவரை. கிழக்கே சூரியன் வந்ததும் வெளிச்சம் அந்தக் கோடியில் தொட்டு இழை இழையாக என்னை நோக்கி ஓடி வந்தது. எட்டு வயதில் பார்த்தேன். நான் கேமராமேன் ஆனதற்கு வேறு காரணம் கிடையாது.

அதைத்தான் எடுக்கவேண்டும். விளக்கு இல்லாமல், அந்த முதல் வெயிலில். ஒரே ஷாட். பாவைச் சுற்றி யாரும் இருக்கக் கூடாது, பாவும் வெளிச்சமும் மட்டும். நான் எடுத்த இரண்டு டாகுமெண்டரியைப் பற்றி பம்பாய்ப் பத்திரிகையில் ஒருவர் எழுதியிருந்தார்: உப்பளம், ரயில்வே பிளாட்பாரம் எதை எடுத்தாலும் ஆள் எழுந்து போனபிறகு இருக்கும் இடத்தைப்போல எடுக்கிறார் என்று. அதைப் பாராட்டாகத்தான் எழுதினார். வெட்டி வைத்திருக்கிறேன்.

அம்மன் பாவை நீட்டும் அன்றைக்கு வரட்டுமா? மாமாவைக் கேட்டு எழுது. கொஞ்ச நேரம் எல்லாரும் பாவிலிருந்து கையை எடுத்துத் தள்ளி நின்றால் போதும்.

தம்பி
தணிகாசலம்


பெரிய காஞ்சிபுரம்
10-4-1972

தம்பிக்கு ஆசீர்வாதம். நான், உன் மாமா, தறி மூன்று பேரும் சௌக்கியம். ஒரு மாதமாகப் பதில் போடவில்லை என்று கோபிக்காதே. அவரிடம் கேட்க நேரம் பார்த்துக்கொண்டிருந்தேன்.

நீ நெசவாளி பிள்ளைதானா என்று சந்தேகமாக இருக்கிறது. மறந்திருந்தால் சொல்கிறேன், கேட்டுக்கொள். கஞ்சி போட்ட பாவு ஈரமாக இருக்கும்போது கை ஓடிக்கொண்டே இருக்கவேண்டும். இழையை இழையிலிருந்து பிரித்துவிட்டுக்கொண்டே இருக்கவேண்டும். விட்டால் ஒட்டிக்கொள்ளும். ஒட்டிக் காய்ந்ததைப் பிரித்தால் அறுந்துபோகும். மற்றப் பாவு என்றால் முடிச்சுப் போட்டுச் சரிபண்ணிக்கொள்ளலாம். அம்மன் பாவில் முடிச்சு கூடாது. ஓர் இழையில் முடிச்சு விழுந்தாலும் அது மனுஷிக்குத்தான் ஆகும், அம்மனுக்கு ஆகாது. முறை அடுத்த வீட்டுக்குப் போய்விடும். அடுத்த வீடு ராஜவேலு வீடு.

இதையெல்லாம் சொல்லித்தான் அவரிடம் கேட்டேன். தறியை நிறுத்தினார். அப்புறம், "மச்சான் வாயத் தொறந்து என்கிட்ட இதுவரைக்கும் ஒண்ணு கேட்டதில்ல. அஞ்சு நிமிசம் கைய எடுக்கறேன்னு எழுது. அதுக்கு மேல முடியாதுமா" என்றார்.

ஐந்து என்றால் ஐந்துதான், தெரிகிறதா? சித்திரை பதினொன்று, ஞாயிற்றுக்கிழமை. விடியுமுன் வந்து நில்.

அக்கா
தையல்நாயகி


சென்னை-24
27-4-1972

அன்புள்ள அக்காவுக்கும் மாமாவுக்கும்,

எல்லாரும் சுகம். உன் ரசத்தைப் பூவராகவன் இன்னும் பேசிக்கொண்டிருக்கிறான். ஞாயிற்றுக்கிழமை சொல்லாமல்கூடக் கிளம்பிவிட்டோம், மன்னித்துக்கொள். வெயில் ஏறுவதற்குள் திருமுக்கூடல் போய் ஆற்று மணலை எடுக்கவேண்டி இருந்தது. வண்டியில் ஏறும்போது திரும்பிப் பார்த்தேன், மாமா பாவின் மேல் குனிந்திருந்தார். கூப்பிட்டேன், காதில் விழவில்லை போல.

அக்கா, கிடைத்துவிட்டது! அந்த மேகம் மட்டும் நடுவில் வராமல் இருந்திருந்தால் இன்னும் சீக்கிரம் முடிந்திருக்கும். சூரியன் போய் ஒளிந்துகொண்டதும் எனக்கு உயிரே போய்விட்டது. காத்திருந்தது வீண் போகவில்லை. மேகம் விலகிக் கேமராவை ஓடவிட்ட அந்த நொடி வெளிச்சம் பாவின் மேல் ஏறி என் லென்ஸுக்குள் வந்து விழுந்தது. நான் அழுதுவிட்டேன். கண்ணை வியூஃபைண்டரில் வைத்திருந்ததால் யாருக்கும் தெரியவில்லை.

நெகட்டிவ் லேபில் கழுவக் கொடுத்திருக்கிறோம். பிரிண்ட் போட்டுப் பார்க்க இன்னும் மூன்று மாதம் ஆகும்.

புடவை தறியில் ஏறிவிட்டதா? பார்டர் என்ன போடுகிறார்?

தம்பி
தணிகாசலம்


பெரிய காஞ்சிபுரம்
9-6-1972

தம்பிக்கு ஆசீர்வாதம். உன் இரண்டு கடிதமும் வந்தன. கார்டில் இவ்வளவுதான் இடம்.

இங்கே நான் சௌக்கியம். தறியும் இருக்கிறது. உன் மாமாவுக்கு இடுப்பில் பிடிப்பு, அதனால் வேலை கொஞ்சம் சுணக்கம். ஆடிக்கு வருவதாக எழுதியிருந்தாய். வராதே. தெருவில் அம்மை போட்டிருக்கிறது. நீ வேளைக்குச் சாப்பிடு.

அக்கா


சென்னை-24
3-9-1972

அன்புள்ள அக்காவுக்கு,

நான் நன்றாக இருக்கிறேன் என்று எழுதினால் பொய். நேற்று பாரிமுனை பஸ் ஸ்டாண்டில் ராஜவேலுவைப் பார்த்தேன்.

"இன்னாபா தணிகாசலம், அம்மன் புடவைக்குக்கூட வரலியே நீ?" என்றார்.

"அம்மை போட்டிருக்குன்னு அக்கா எழுதினாங்க."

"அம்மையா? எந்தத் தெருவுல?" என்று சிரித்தார். அப்புறம் என் முகத்தைப் பார்த்துச் சிரிப்பை நிறுத்திவிட்டார். "உனக்கு எழுதலியா? புடவை எங்க வூட்லதான்பா நெஞ்சோம். உங்க பாவு அன்னிக்கே போச்சே. அறுபது இழைக்கு மேல. உங்க மாமா பாவைச் சுருட்டி எடுத்துக்கினு உள்ள போயிட்டாரு. பாவமா இருந்துச்சி. ஆனா நான் இன்னா செய்ய, முறைன்னா முறைதானே."

அங்கிருந்து நேராகப் பூவராகவனின் எடிட்டிங் அறைக்குப் போனேன். பிரிண்ட் வந்து இரண்டு வாரம் ஆகிறது. அந்த ஷாட்டை எட்டுத் தடவையாவது பார்த்திருப்பேன். எட்டுத் தடவையும் வெளிச்சத்தைத்தான் பார்த்தேன். நேற்று மறுபடி ஓட்டச் சொன்னேன். வெளிச்சத்தை விட்டுவிட்டு மற்றதைப் பார்த்தேன்.

அகலமான லென்ஸ் போட்டிருந்தேன் அக்கா. நான் நினைத்ததைவிட அது ஓரத்தில் அதிகம் பார்த்திருக்கிறது. இடது ஓரத்தில் நம் வீட்டுக் கம்பம். அதற்குப் பக்கத்தில் ஒரு கை பாவை நோக்கி நீள்கிறது. இழைமேல் படுவதற்கு ஒரு சாண் இருக்கும்போது இன்னொரு கை வந்து அதன் மணிக்கட்டைப் பிடிக்கிறது. அந்த இரண்டாவது கையில் அம்மாவின் செம்புக் காப்பு இருக்கிறது.

அதற்குமேல் பார்க்க முடியவில்லை, நிறுத்தச் சொல்லிவிட்டேன். எதையும் மறைக்காமல் எழுது.

தணிகாசலம்


பெரிய காஞ்சிபுரம்
15-9-1972

தம்பிக்கு,

நான் உயிரோடு இருக்கிறேன், அவரும் இருக்கிறார். கேட்டுவிட்டாய், எழுதுகிறேன்.

நீ மேகம் வந்தது என்று எழுதினாயே, அது எவ்வளவு நேரம் நின்றது தெரியுமா? அவர் ஐந்து நிமிஷம்தான் கொடுத்திருந்தார். கையை எடுங்கள், யாரும் அசையாதீர்கள் என்று கத்திவிட்டு, அந்தப் பெட்டிக்குப் பின்னால் கண்ணை வைத்துக்கொண்டு நின்றாய். ஐந்து போய் பத்து ஆயிற்று. காற்று வேறு அடித்தது. கஞ்சி வெளுத்து வருவது எனக்கே தெரிந்தது. அவருக்குத் தெரியாதா? என்னைப் பார்த்தார். நான் உன்னைப் பார்த்தேன். உன் முதுகு நடுங்கிக்கொண்டிருந்தது, தணிகா. அம்மா செத்த அன்றைக்கு நீ அப்படித்தான் நின்றாய். அவர் கையை நீட்டினார். அந்த நேரம் பார்த்து உன் மிஷின் ஓடும் சத்தம் கேட்டது. நான் பிடித்துவிட்டேன். யோசித்துப் பிடிக்கவில்லை. நடு ரோட்டில் ஓடும் குழந்தையைப் பிடிப்பதுபோலப் பிடித்துவிட்டேன்.

நீங்கள் வண்டி ஏறிப் போனபிறகு பிரித்தார். இழை அறும்போது சத்தம் வெளியே கேட்காது, விரலுக்குத்தான் தெரியும். ஒவ்வொன்றுக்கும் அவர் தோள் குலுங்குவதைப் பார்த்துக்கொண்டு நின்றேன். தெருவே நின்று பார்த்தது. பூசாரி வந்து குனிந்து பார்த்துவிட்டு ராஜவேலு வீட்டுப் பக்கம் போனார்.

உள்ளே வந்து, "உன் தம்பி படத்துக்காக என் கையப் புடிச்சிட்ட இல்ல?" என்றார். அவ்வளவுதான். அதற்குப் பிறகு என்னோடு பேசவில்லை. ஐந்து மாதம் ஆகிறது. சுவரைப் பார்த்துச் சொல்கிறார், "தண்ணி வேணும்", "கடைக்குப் போறேன்" என்று. நானும் சுவருக்கே பதில் சொல்கிறேன். எங்கள் வீட்டுச் சுவருக்கு வந்த மரியாதையைப் பார்!

ஆடியில் ராஜவேலு தலையில் புடவையோடு போனபோது இவர் கதவைச் சாத்திக்கொண்டு தறியில் உட்கார்ந்திருந்தார். வாசலில் யாரோ, "ஐயம்பேட்டைக்காரர் வரலியா?" என்று கேட்டது உள்ளே வரை கேட்டது.

ஒன்று கேட்கிறேன். நீ அந்தத் தெருவில் பிறந்தவன். ஈரப் பாவை எவ்வளவு நேரம் விடலாம் என்று உனக்குத் தெரியாதா?

தையல்நாயகி


சென்னை-24
24-9-1972

அக்காவுக்கு,

தெரியும். தெரிந்துதான் விட்டேன். இதை எழுத மூன்று தாள் கிழித்தேன். மேகம் நின்றபோது பாவு காய்கிறது என்று என் மனசுக்குள் ஒரு குரல் சொல்லிக்கொண்டே இருந்தது. இன்னும் கொஞ்சம், இன்னும் கொஞ்சம் என்று அதை அடக்கினேன். யாராவது வந்து தொட்டுவிட்டால் ஃபிரேம் கெட்டுவிடுமே என்பதுதான் என் பயம். மாமா கெட்டுப்போவார் என்பது நினைவிலேயே இல்லை. சீ என்று இருக்கிறது.

உன் கடிதம் வந்ததும் மறுபடி அந்த அறைக்குப் போனேன். இந்தத் தடவை நிறுத்தாமல் பார்த்தேன். பார்த்ததை அப்படியே எழுதுகிறேன்.

நீ அவர் கையைப் பிடித்தது இருநூற்று அறுபது ஃபிரேம். ஒரு நொடிக்கு இருபத்துநான்கு. பதினோரு நொடிதான் வருகிறது. பன்னிரண்டாவது நொடியில் நீ விட்டுவிட்டாய் அக்கா. உன் கை ஃபிரேமை விட்டே போய்விடுகிறது. கம்பத்துக்குப் பக்கத்தில் மாமாவின் கை மட்டும் இருக்கிறது, சும்மா. அப்போதுதான் மேகம் முழுதாக விலகி வெளிச்சம் பாவில் ஏறுகிறது. மூன்றரை நிமிஷம் கேமரா ஓடியது. மூன்றரை நிமிஷமும் அந்தக் கை மெதுவாகக் கீழே இறங்குகிறதே தவிர, பாவின் பக்கம் போகவில்லை. அவரும் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறார்.

நீ விட்டது உனக்கே ஞாபகம் இல்லையா? இருந்தும் சொல்லாமல் இருக்கிறாயா?

இன்னொன்றும் இருக்கிறது. படம் முழுக்க இந்த ஒரு ஷாட்டின் மேல்தான் நிற்கிறது. டில்லியில் தேர்வுக்கு அனுப்பப் போகிறோம். பூவராகவனுக்கும் கைகள் கண்ணில் பட்டுவிட்டன. "கைய லேப்ல ஓரம் வெட்டிப் பெருசு பண்ணிடலாம்பா, சுத்தமா ஆயிடும். உன் ஸ்டைலே அதுதானே" என்கிறான். நீ என்ன சொல்கிறாய்? மாமா பார்க்கட்டுமா?

தணிகாசலம்


பெரிய காஞ்சிபுரம்
2-10-1972

தம்பிக்கு ஆசீர்வாதம். நாங்கள் இருக்கிறோம். உன் கண் எப்படி இருக்கிறது என்று எழுதவே இல்லை.

விட்டது எனக்கு ஞாபகம் இருக்கிறது. அன்றைக்கே ஞாபகம் இருந்தது. அந்தக் காப்பு அவர் தோலில் அழுந்தியது எனக்குத் தெரிந்தது, ஐயோ என்று விட்டுவிட்டேன். அவர் போவார் என்று நினைத்தேன். போகவில்லை. திரும்பி அவர் முகத்தைப் பார்த்தேன். கல்யாணத்தன்றுகூட அந்த முகத்தை நான் பார்த்ததில்லை. தான் இழைத்த பாவைத் தானே அப்படிப் பார்த்துக்கொண்டு நின்றார். அப்போதுகூடத் தண்ணீர் தெளித்திருந்தால் பிழைத்திருக்கும்.

அவருக்கு அது ஞாபகம் இல்லை. நான் கடைசிவரை பிடித்துக்கொண்டிருந்தேன் என்றே நினைக்கிறார். இருக்கட்டும், தணிகா. என்மேல் இருக்கிற கோபத்தில்தான் தினமும் எழுந்து தறியில் உட்காருகிறார். தறிக் கட்டையை ஓங்கி ஓங்கி அடிக்கிறார், வீடு அதிருகிறது. அந்தக் கோபம் தன்மேலே திரும்பினால் உட்காரமாட்டார். அவரை எனக்குத் தெரியும். பேசாமல் இருந்தால் இருக்கட்டும், பரவாயில்லை. பதினாறு வருஷம் பேசியாயிற்று.

உன் சிநேகிதன் சொல்வதுதான் சரி. அந்தக் கைகளை வெட்டிவிடு. உனக்கு நான் இதுவரை செய்ததற்கெல்லாம் சேர்த்துக் கேட்கிறேன், வெட்டிவிடு.

அக்கா


சென்னை-24
20-10-1972

அன்புள்ள அக்காவுக்கு,

கண் நன்றாக இருக்கிறது. தூக்கம்தான் இல்லை.

லேபில் வெட்டிப் பார்த்தோம். சுத்தமாக இருந்தது. யாரும் இல்லாத தெரு, பாவு, வெளிச்சம். நான் ஆசைப்பட்டது அதுதான். பார்த்தால் எனக்குப் பிடிக்கவில்லை. யாரோ நெய்யாத பாவு மாதிரி இருக்கிறது.

பூவராகவனோடு இரண்டு நாள் சண்டை. படத்திலிருந்து என் பேரை எடுத்துவிடு என்றுகூடச் சொல்லிப் பார்த்தேன். கடைசியில் இறங்கி வந்தான். வெட்டவில்லை அக்கா. நீ எதையும் என்னிடம் கேட்டதே இல்லை, கேட்ட ஒன்றையும் செய்யாமல் விடுகிறேன். அன்றைக்குத் தெருவில் நின்று எல்லாரையும் கையை எடுங்கள் என்று சொன்னேன். இன்னொரு தடவை அதைச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

நான் செய்வது தப்பா என்று எனக்கே தெரியவில்லை. நீ திட்டியாவது ஒரு கார்டு போடு.

தம்பி
தணிகாசலம்


செல்லியம்மன் துணை

பெரிய காஞ்சிபுரம்
12-3-1973

மைத்துனர் தணிகாசலத்துக்குக் கைலாசம் எழுதிக்கொண்டது. உன் அக்காவும் நானும் சுகமாக இருக்கிறோம். உன் சுகத்துக்கு எழுதவும். எனக்குக் கடிதம் எழுதிப் பழக்கமில்லை, பிழை இருந்தால் பொறுத்துக்கொள்.

நேற்று ஞாயிற்றுக்கிழமை, காலேஜ் வாத்தியார்கள் சங்கம் வைத்து உன் படத்தை இங்கே காலைக் காட்சி போட்டார்கள். டில்லியில் உனக்கு மெடல் கொடுத்ததாகப் பேப்பரில் வந்ததை ராஜவேலு படித்துக் காட்டினான். அவன்தான் என்னையும் இழுத்துக்கொண்டு போனான். உன் அக்கா, "நீங்க போவாதீங்க" என்று வாசல்வரை வந்தாள். சுவரைப் பார்த்துப் போகிறேன் என்று சொல்லிவிட்டுப் போனேன்.

தெருவே வந்திருந்தது. அவனவன் வீட்டைப் பார்த்து, "டேய், எங்க வூட்டு ஆடுடா" என்று கத்திக்கொண்டிருந்தான். பாட்டும் சண்டையும் இல்லையென்று நாலைந்து பேர் எழுந்து போனார்கள். பாவு வந்ததும் எல்லாரும் அடங்கிவிட்டார்கள்.

என் பாவு இவ்வளவு நன்றாக இருந்ததா என்று எனக்கே தெரியாது. உள்ளதைச் சொல்கிறேன்.

ஓரத்தில் அவள் என் கையைப் பிடித்ததைப் பார்த்தேன். எனக்கு ரத்தம் கொதித்தது. பத்து மாதமாக அதையேதான் பார்த்துக்கொண்டிருந்தேன், கண்ணை மூடினால் அதுதான். அப்புறம் விட்டுவிட்டாள். நான் அதை எதிர்பார்க்கவில்லை. பக்கத்தில் இருந்த ராஜவேலு, "யோவ் கைலாசம், கை சும்மாதானேய்யா இருக்குது, நீ ஏன் போகல?" என்றான். அவன் பேர் சொல்லிக் கூப்பிட்டதைக்கூட வீட்டுக்கு வரும் வழியில்தான் கவனித்தேன். என்னிடம் பதில் இருந்தது, ஆனால் சொல்ல வெட்கமாக இருந்தது. நான்தான் நின்றேன். வெளிச்சம் ஏறியதும் நின்றுவிட்டேன். பாவு போகும் என்று தெரிந்தும் நின்றேன்.

வீட்டுக்கு வந்து உன் அக்காவிடம், "நீ விட்டுட்டியே, ஏன் சொல்லல?" என்று கேட்டேன். அடுப்பங்கரைக்குப் போய் ரொம்ப நேரம் அழுதாள். நானும் போய்ப் பக்கத்தில் உட்கார்ந்தேன். இன்று தறியில் உட்காரவில்லை. நாளைக்கு எப்படி என்று தெரியவில்லை.

உன்மேல் எனக்குக் கோபம் இருக்கிறது, அது போகவில்லை. அஞ்சு நிமிஷம் என்றுதான் நான் சொல்லியிருந்தேன். அடுத்த முறை நம் வீட்டுக்கு வர இன்னும் இருபத்தொரு வருஷம் இருக்கிறது, அதற்குள் நான் கிழவன். கொஞ்ச நாள் இந்தப் பக்கம் வராதே. வரலாம் என்று தோன்றும்போது நானே எழுதுகிறேன்.

ஒன்று மட்டும் கேட்கிறேன். அந்தப் பிலிமில் ஒரு துண்டு வெட்டி அனுப்ப முடியுமா என்று பார். வெளிச்சம் ஏறுகிற இடம் வேண்டாம். அவள் என் கையை விடுகிற இடம் வேண்டும்.

கண்ணுக்கு எண்ணெய் வைக்கச் சொல்கிறாள்.

இப்படிக்கு
கைலாசம்